வாசலை அடைத்தவர் யார்?

நம் பாட்டனார்மார் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் கப்பலேறி ஹஜ்ஜுக்குச் சென்ற காலத்தில், ஜித்தாக் கரை கண்ணில் படுமுன் அவர்களிற் பலர் கால் வைத்த அரபு மண் ஒன்று உண்டு. கமரான் என்பது அதன் பெயர். செங்கடலின் தென்பகுதியில், ஏமன் நாட்டுக் கரையை ஒட்டிக் கிடக்கும் சிறு தீவு அது. 1882-ஆம் ஆண்டில் துருக்கிய அரசு அங்கே ஒரு தொற்றுநோய்த் தடுப்பு நிலையத்தை ஏற்படுத்தியது. கிழக்கே இருந்து வரும் ஹாஜிகள் அங்கே இறக்கப்பட்டனர்; குளிக்க வைக்கப்பட்டனர்; அவர்களுடைய உடுப்புகள் நீராவியில் போட்டெடுக்கப்பட்டன. காலரா இல்லை என்று உறுதியான பின்னரே மேலே செல்ல விடை கிடைத்தது. 1915-இல் தீவு ஆங்கிலேயர் வசமான பின்னரும் இந்த ஏற்பாடு தொடர்ந்து, 1952-இல்தான் நின்றது.

அந்த மணலில் காத்துக் கிடந்தவர்கள் முணுமுணுத்திருப்பார்கள். ஆயினும் அந்தக் காவலில் ஒரு நியாயம் இருந்தது. நோயை நிறுத்தினார்கள், மனிதரை விட்டார்கள். வாசலில் நிற்பவனுடைய கடமை அதுவன்றோ! தீங்கைத் தடுக்க வேண்டும். உயிர் வாழ வேண்டியதை உள்ளே விட வேண்டும். இரண்டையும் பிரித்தறியாமல் கதவை அடைத்துவிடுகிறவன் காவற்காரன் ஆகமாட்டான்.

அந்தக் கமரான் இன்று ஏமனின் ஹுதைதா மாகாணத்தைச் சேர்ந்தது. அம்மாகாணத்தின் வாசலிலே 2015 முதல் நடந்தவற்றை எண்ணிப் பார்த்தால், வியாபாரம் செய்து பிழைக்கும் நாம் நம்மையே கேட்டுக்கொள்ள வேண்டிய ஒரு கேள்வி எழுகிறது. பலருடைய கைகள் சேர்ந்து ஒரு தீங்கு விளைகிறது. ஒவ்வொரு கைக்கும் சொல்ல ஒரு நியாயம் இருக்கிறது. அப்படியானால் அந்தப் பாவம் யாருடைய பேரேட்டில் எழுதப்படும்?

திஹாமாவும் அதன் துறைமுகமும்

ஏமனின் மேற்குக் கரை நெடுகக் கிடக்கும் வெப்பச் சமவெளிக்குத் திஹாமா என்று பெயர். ஒரு புறம் செங்கடல். மறு புறம் சுவர்போல் எழும் மலைத்தொடர். கோடையில் வெயில் 40 பாகையைத் தாண்டும். மழை பெரும்பாலும் மலையிலேதான். அங்கே பெய்யும் நீர் மவ்ர், சுர்துத், ஸிஹாம், ரிமா, ஸபீத் முதலிய ஓடைகள் வழியே இறங்கி, கடலைச் சேருமுன்னே வயல்களிலும் மணலிலும் உறிஞ்சப்பட்டுவிடும். அந்த ஓடைக் கரைகளில் சோளமும் கம்பும் பேரீச்சையும் மாவும் வாழையும் விளைகின்றன. கரையோரத்தார் மீன் பிடித்துப் பிழைக்கின்றனர். திஹாமாவின் நடுப்பகுதியும் வடபகுதியும்தான் பெரும்பாலும் ஹுதைதா மாகாணம்.

வெறும் மணற்காடு என்று யாரும் எண்ணிவிட வேண்டாம். இம்மாகாணத்தில்தான் ஸபீத் என்னும் கல்விப் பேரூர் இருக்கிறது. இப்னு பதூதா வந்து பார்த்த ஊர் அது. இந்தியாவில் பில்கிராமில் 1732-இல் பிறந்து, இங்கே ஓதித் தேர்ந்து, பிறகு எகிப்துக்குச் சென்று 'தாஜுல் அரூஸ்' என்னும் மாபெரும் அரபு அகராதியை இயற்றிய முர்தளா அவர்கள், இவ்வூரின் பெயராலேயே ஸபீதீ என்று உலகறியப்பட்டார். பதினேழாம் நூற்றாண்டில் ஆச்சேயிலிருந்து சென்ற அப்துர் ரவூப் சிங்கீலீ அவர்கள், மக்கா மதீனா சேருமுன் ஸபீதிலும் அருகிலுள்ள பைத்துல் பகீஹிலும் உள்ள ஆலிம்களிடம் பாடம் கேட்டார். மலாய்த் தீவுகளின் மார்க்கக் கல்விக்கு அந்த மண் இவ்வாறு கடன் கொடுத்திருக்கிறது. அந்தப் பைத்துல் பகீஹ் ஒரு காலத்தில் காப்பிக் கொட்டைக்குப் பேர்போன சந்தை. ஐரோப்பிய வியாபாரிகள் அங்கேயே முகாமிட்டுக் கொள்முதல் செய்தார்கள். ஸபீதை யுனெஸ்கோ 1993-இல் உலகப் பாரம்பரிய நகராக ஏற்று, 2000-இல் அழிவாபத்தில் உள்ளவற்றின் பட்டியலிலும் சேர்த்தது.

இனித் துறைமுகம். ஹுதைதாவின் மதிப்பை அரசுகள் என்றும் அறிந்திருந்தன. 1934-இல் சவூதிப் படை இந்நகரைப் பிடித்தது. அவ்வாண்டே தாயிப் உடன்படிக்கையின்படி திருப்பிக் கொடுத்தது. 1961-இல் சோவியத் நாட்டின் உதவியோடு புதிய துறைமுகம் முடிந்தது. அங்கிருந்து மலையேறி ஸன்ஆ செல்லும் ஏறத்தாழ 230 கிலோமீட்டர்ச் சாலையைச் சீனர்கள் போட்டுக் கொடுத்தார்கள். துறைமுகமும் சாலையும் சேர்ந்ததும் வட ஏமனின் வயிற்றுக்கு வழி ஒன்றாயிற்று. ஏமன் தனக்கு வேண்டிய கோதுமையில் ஏறத்தாழ 90 விழுக்காட்டை வெளியிலிருந்து வாங்கும் நாடு. அதன் இறக்குமதியில் பத்தில் ஏழு பங்கு ஹுதைதாவும் அதன் வடக்கேயுள்ள ஸலீப் துறையும் வழியாகவே வந்தது.

ஒரு தெருவுக்கு ஒரே குழாய் இருந்தால் அக்குழாயைப் பிடித்திருப்பவன் கையில் தெருவாரின் உயிர் இருக்கிறது. ஹுதைதாவும் அப்படித்தான்.

ஒவ்வொரு கையும் ஒரு நியாயமும்

2014-ஆம் ஆண்டு செப்டம்பரில் ஹூத்திகள் தலைநகர் ஸன்ஆவைக் கைப்பற்றினர்; அடுத்த மாதமே ஹுதைதாவும் அவர்கள் வசமாயிற்று. ஊழல் ஆட்சியை ஒழிக்கிறோம் என்றார்கள். 2015 மார்ச்சில் சவூதி தலைமையிலான கூட்டணி போரில் இறங்கியது. முறையான அரசை மீட்கிறோம் என்றார்கள். அவ்வாண்டு ஏப்ரலில் ஐக்கிய நாட்டுப் பாதுகாப்பு மன்றம் ஹூத்திகளுக்கு ஆயுதம் போகக்கூடாதென்று தடை விதித்தது. கப்பல்கள் சோதிக்கப்பட்டன. ஆயுதம் தடுக்கப்பட வேண்டியதுதானே என்று கேட்டால், யார் மறுப்பார்?

ஆனால் 2015 ஆகஸ்டில் ஆகாய விமானங்கள் துறைமுகத்தின் பாரந்தூக்கிகளைத் தகர்த்தன. கோதுமை இறக்கும் பாரந்தூக்கி எப்படி ஆயுதமாகும்? மாற்றாக உலக உணவுத் திட்டத்தார் வாங்கி அனுப்பிய நான்கு பாரந்தூக்கிகள் 2017 ஜனவரியில் கடலிலேயே திருப்பி அனுப்பப்பட்டன. அவை ஹுதைதா வந்து சேர 2018 ஜனவரி ஆயிற்று. 2017 நவம்பரில் ரியாதை நோக்கி ஏவுகணை ஒன்று பறந்ததும் ஏமனின் வாசல்கள் எல்லாமே சில வாரங்கள் அடைக்கப்பட்டன. ஏவியவர் சிலர், பட்டினி கிடந்தவர் வேறு பலர்.

உள்ளே இருந்த கைகளும் சும்மா இருக்கவில்லை. 2016 செப்டம்பரில் மத்திய வங்கி ஸன்ஆவிலிருந்து ஏடனுக்கு மாற்றப்பட்டது. அதன் பிறகு ஏறத்தாழ 12 லட்சம் அரசு ஊழியருக்குச் சம்பளம் ஒழுங்காகக் கிடைக்கவில்லை. பணம் எங்களிடம் இல்லை என்று இரு தரப்பும் ஒருவரை ஒருவர் காட்டினர். ஹூத்திகள் துறைமுகத்தில் வரி வாங்கினர். சாலையிலும் சுங்கம் வைத்தனர். 2019 ஜூனில், ஏழைகளுக்கு வந்த உணவு வேறு வழியில் திருப்பப்படுகிறதென்று சொல்லி உலக உணவுத் திட்டத்தார் ஸன்ஆவில் விநியோகத்தின் ஒரு பகுதியை நிறுத்தினார்கள். திருடனுக்குப் போகும் உணவை நிறுத்துவது சரிதான். ஆனால் நின்றது பசித்தவனுடைய தட்டு.

எல்லாவற்றிலும் நெஞ்சை உறுத்துவது ஒரு மாவாலையின் கதை. 2018 ஜூனில் ஐக்கிய அரபு அமீரகத்தின் ஆதரவு பெற்ற படைகள் தென்புறத்திலிருந்து ஹுதைதா நகரை நெருங்கின. நகரின் கிழக்கு விளிம்பில் செங்கடல் மாவாலையின் கொட்டிலறைகளில் உலக உணவுத் திட்டத்தின் கோதுமை 51,000 டன் இருந்தது. 37 லட்சம் பேருக்கு ஒரு மாத உணவு அது. போர்முனை அந்த ஆலையண்டை வந்து நின்றது. செப்டம்பர் முதல் யாரும் உள்ளே போக முடியவில்லை. ஜனவரியில் குண்டு பட்டுத் தானியத்தில் ஒரு பகுதி எரிந்தது. 2019 பிப்ரவரி இறுதியில் அதிகாரிகள் உள்ளே சென்றபோது எஞ்சியதில் புழு பூச்சி பிடித்திருந்தது. நாட்டில் பஞ்சம், கிட்டங்கி நிறையக் கோதுமை, நடுவிலே கண்ணிவெடியும் துப்பாக்கியும்! அந்தக் கோதுமையை யார் பிடித்து வைத்திருந்தார் என்று கேட்டால், எந்தத் தரப்பும் நாங்கள் அல்ல என்றுதான் சொல்லும்.

2018 டிசம்பர் 13-இல் ஸ்டாக்ஹோமில் ஓர் உடன்பாடு ஆயிற்று. நகருக்குள் பெரும்போர் தவிர்க்கப்பட்டது. அந்த அளவில் அது பெருநன்மை. ஆனால் துறைமுக வருமானத்தை வங்கியில் போட்டு ஊழியர் சம்பளத்துக்குக் கொடுப்பது என்ற பகுதி நிலைக்கவில்லை. 2021 நவம்பரில் எதிர்ப்படைகள் நகரைச் சுற்றியிருந்த இடங்களை விட்டுப் பின்வாங்கின. அவர்கள் போனாலும் புதைத்த கண்ணிவெடிகள் போகவில்லை. 2022 ஏப்ரலில் போர்நிறுத்தம் வந்து, எரிபொருட் கப்பல்கள் தடையின்றி ஹுதைதாவுக்கு வரத் தொடங்கின.

பிறகு வேறொரு புயல். 2023 நவம்பர் 19-இல் 'கேலக்ஸி லீடர்' என்னும் கப்பலை ஹூத்திகள் பிடித்து ஹுதைதாக் கரைக்குக் கொண்டு வந்தார்கள். காஸா மக்களுக்காகச் செய்கிறோம் என்றார்கள். காஸாவின் துயரம் நம் எல்லாருடைய நெஞ்சையும் அறுத்தது உண்மை. ஆனால் அந்தக் கப்பலில் இருந்த 25 மாலுமிகள் பிலிப்பைன்ஸ், பல்கேரியா, மெக்சிகோ முதலிய நாடுகளைச் சேர்ந்த கூலிக்காரர்கள். 2025 ஜனவரி வரை அவர்கள் வீடு திரும்பவில்லை. கப்பல்கள் செங்கடலை விட்டு ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போயின. 2024-இன் நடுவில் நம் சிங்கப்பூர்த் துறைமுகத்தில் கப்பல்கள் நெரிசல்பட்டுக் காத்து நின்றதற்கும் அதுவே முக்கிய காரணம். 2024 ஜூலை 20-இல் இஸ்ரேல் விமானங்கள் ஹுதைதாத் துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகளைத் தாக்கின. பல நாள் எரிந்தது. 2025 ஏப்ரல் 17-இல் அமெரிக்கா ராஸ் ஈஸா எண்ணெய்த் துறையைத் தாக்கியதில் 70-க்கு மேற்பட்டோர் மாண்டதாக அங்குள்ள அதிகாரிகள் கூறினர். எதிரிக்குப் போகும் வருமானத்தை அடைக்கிறோம் என்றது அமெரிக்கா. அதற்கும் ஒரு நியாயம்!

கணக்கைப் பிரிக்க முடியுமா?

2021 இறுதிவரை இப்போரால் ஏற்பட்ட மரணங்கள் ஏறத்தாழ 3 லட்சத்து 77 ஆயிரம் என்று ஐக்கிய நாட்டு வளர்ச்சித் திட்டத்தார் மதிப்பிட்டனர். அவற்றில் பத்தில் ஆறு பங்கு குண்டாலும் துப்பாக்கியாலும் நேர்ந்தவை அல்ல. பசியும், கெட்ட நீரும், மருந்தில்லாமையும் கொன்றவை. சுட்டவன் இல்லாமலே செத்தவர்கள் அவர்கள்.

இங்கேதான் நம் கேள்வி. கடலில் நிறுத்தியவன் சோதனை என்கிறான். கரையில் வரி வாங்கியவன் நிர்வாகச் செலவு என்கிறான். இன்சூரன்ஸ்காரர் ஆபத்துக்கு ஏற்ற பிரீமியம் என்கிறார். கப்பல்காரர் நடுக்கடலில் நின்ற நாட்களுக்குத் தாமதக் கட்டணம் என்கிறார். லாரிக்காரர் பத்துச் சாவடி தாண்டி வந்தேன் என்கிறார். கடைக்காரர் எனக்கு அடக்க விலையே இவ்வளவு என்கிறார். ஒவ்வொருவரும் உண்மைதான் சொல்கிறார்கள். கடைசியில் சம்பளமில்லாத ஒரு பள்ளி ஆசிரியர் மாவு மூட்டையின் விலையைக் கேட்டுவிட்டு வெறுங்கையோடு திரும்புகிறார். அவர் வீட்டுக் குழந்தையின் மரணத்தை இவர்களுக்குள் எப்படிப் பங்கு பிரிப்பது? ஆளுக்கு ஆறில் ஒன்றா?

நம் வழக்கத்திலேயே இதற்கு ஒரு விடை கிடைக்கிறது. ஐந்து பேர் சேர்ந்து ஒரு புரோநோட்டில் கூட்டாகவும் தனித்தும் பொறுப்பேற்றுக் கையெழுத்திட்டால், கடன் கொடுத்தவர் ஐவரில் எவரிடமும் முழுத் தொகையையும் கேட்கலாம். "என் பங்கு ஐந்தில் ஒன்றுதான்" என்ற வாதம் செல்லாது. பணத்துக்கே அப்படியென்றால் உயிருக்கு எப்படி? பங்காளிகள் கூடக் கூடப் பாவம் குறைந்துகொண்டே போகும் என்று எந்த மார்க்கமும் சொல்லவில்லை.

அதற்காக எல்லாரும் சமமான குற்றவாளிகள் என்பதும் நியாயமாகாது. பாரந்தூக்கியைத் தகர்க்க ஆணையிட்டவரும், கண்ணிவெடி புதைத்தவரும், மூட்டைக்கு நாலு காசு கூட்டியவரும் ஒரே தட்டில் வைக்கத்தக்கவர் அல்லர். அப்படியானால் அளவுகோல் எது? என் சிற்றறிவுக்கு எட்டியது இது: வேறு விதமாகச் செய்ய யாருக்கு எவ்வளவு சக்தி இருந்ததோ, அவ்வளவு அவர் பொறுப்பாளி. அரசனுக்குக் கதவைத் திறக்கும் சக்தி இருந்தது. அவன் கேள்வி பெரியது. சில்லறைக் கடைக்காரருக்கு ஒரு மூட்டையை இன்று விற்பதா, அடுத்த வாரம் விற்பதா என்று தீர்மானிக்கும் சக்தி மட்டுமே இருந்தது. அவர் கேள்வி சிறியது. சிறியதுதான், ஆனால் இல்லாத ஒன்றல்ல.

வணிகர் சொல்லும் மறுப்பு

இவ்விடத்தில் ஒரு வணிகர் எழுந்து கேட்கலாம்: "அண்ணே, போர்க்கடலில் கப்பல் விட எவன் வருவான்? லாபம் இல்லையென்றால் ஒரு மூட்டையும் வராது. விலை ஏறினால்தான் சரக்கு வரும். எங்களைக் குற்றவாளி ஆக்கினால் நாங்கள் கடையை மூடிவிடுகிறோம். அப்போது மக்கள் எதைத் தின்பார்கள்?"

இது வெறும் வாயடி வாதம் அல்ல. பாதிக்கு மேல் உண்மை. ஏமன் மக்களுக்குப் போர்க்காலத்திலும் பெரும்பங்கு உணவைக் கொண்டு வந்து சேர்த்தவர்கள் உதவி நிறுவனத்தார் அல்லர், வியாபாரிகளே. கப்பலுக்கு ஆபத்து, பணத்துக்கு ஆபத்து, உயிருக்கு ஆபத்து. அத்தனைக்கும் துணிந்து அவர்கள் கோதுமை இறக்கியிராவிட்டால் சாவு இன்னும் பெருகியிருக்கும். விலையை நிர்ணயித்துத் தருமாறு மக்கள் கேட்டபோது நாயகம் (ஸல்) அவர்கள் அதற்கு இணங்கவில்லை என்ற வரலாற்றை நாம் அறிவோம். அதே நாயகம் (ஸல்) அவர்கள்தான் பதுக்குகிறவனைப் பாவி என்றார்கள். இரண்டையும் சேர்த்தே பார்க்க வேண்டும். பட்ட செலவுக்கும் ஏற்ற ஆபத்துக்கும் உரிய விலை ஒன்று. பசி முற்றட்டும் என்று காத்திருந்து வாங்கும் விலை இன்னொன்று. வெளிப்பார்வைக்கு இரண்டும் ஒரே தொகையாக இருக்கலாம். வேறுபாடு நிய்யத்தில் இருக்கிறது; கிட்டங்கிச் சாவியில் இருக்கிறது.

இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் 'இஹ்யா'விலே ஒரு நிகழ்ச்சியைக் கூறுகிறார்கள். ஈராக்கில் வாஸித் என்னும் ஊரில் இருந்த ஒரு பெரியவர், பஸ்ராவுக்கு ஒரு கப்பல் கோதுமை அனுப்பினார். ஊரை அடைந்த அன்றே விற்றுவிட வேண்டும், ஒரு நாளும் தள்ளக்கூடாது என்று தம் ஏஜண்டுக்கு எழுதினார். ஏஜண்டு போய்ச் சேர்ந்தபோது விலை மந்தம். அங்குள்ள வியாபாரிகள், ஒரு வாரம் பொறுத்தால் லாபம் பன்மடங்கு என்றனர். அவரும் பொறுத்தார், அப்படியே லாபமும் வந்தது. மகிழ்ச்சியோடு முதலாளிக்கு எழுதினார். முதலாளி என்ன செய்தார் தெரியுமா? சிறு லாபமும் தீனுக்குப் பாதுகாப்புமே நாம் விரும்பியது, நீர் அதற்கு மாறாக நடந்துவிட்டீர் என்று கடிந்து, அந்தப் பணம் முழுவதையும் பஸ்ராவின் ஏழைகளுக்குக் கொடுத்துவிடச் சொன்னார். பதுக்கலின் பாவத்திலிருந்து அப்போதாவது தப்பினால் போதும் என்பது அவர் எண்ணம்.

கவனியுங்கள்: அந்த ஏஜண்டு திருடவில்லை, கலப்படம் செய்யவில்லை, எடையில் குறைக்கவில்லை. ஏழு நாள் சும்மா இருந்தார், அவ்வளவே. சட்டம் அவரைத் தொடாது. அந்தப் பெரியவரோ, ஏஜண்டு செய்தார் என்று தட்டிக் கழிக்காமல், பிறர் கை செய்ததையும் தம் கணக்கில் பற்று எழுதிக்கொண்டார்!

கைகள் சேர்ந்து காப்பதும் உண்டு

கைகள் கூடினால் தீமைதான் விளையும் என்றில்லை. அதே ஹுதைதாக் கடலில், ராஸ் ஈஸாவுக்கு எதிரே, 'ஸாபர்' என்னும் பழைய எண்ணெய்க் கப்பல் பராமரிப்பின்றி நின்றது. 1976-இல் கட்டப்பட்டது. வயிற்றில் 11 லட்சம் பீப்பாய்க்கு மேல் எண்ணெய். அது உடைந்தால் மீன்வளமும் துறைமுகமும் ஒருங்கே நாசமாகும் என்று ஆண்டுக்கணக்காக எச்சரித்தார்கள். அது யார் பொறுப்பு என்பதில்தான் வழக்கு. கடைசியில் ஐக்கிய நாட்டவர் நிதி திரட்டினார்கள். அரசுகள் கொடுத்தன, பொதுமக்கள் சிறு தொகைகள் அனுப்பினார்கள், ஏமன் நாட்டு வணிகக் குழுமம் ஒன்று 12 லட்சம் டாலர் அளித்தது. 2023 ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில், 18 நாட்களில், எண்ணெய் ஏறத்தாழ முழுவதும் வேறு கப்பலுக்கு மாற்றப்பட்டது. பகைவர்கள் இரு தரப்பும் அதற்கு இசைந்தார்கள். "இது என் பொறுப்பன்று" என்று சொல்ல உரிமையுள்ள எத்தனையோ பேர் அதைச் சொல்லாமல் விட்டதால் ஒரு கடல் பிழைத்தது.

சகோதரர்களே! ஹுதைதாவின் கதவைத் திறக்கவும் அடைக்கவும் நமக்குச் சக்தி இல்லை. ஆனால் ஜப்பானியர் காலத்தில் இந்த மலாயாவில் அரிசி மறைந்து, நம் பெரியவர்கள் மரவள்ளிக் கிழங்கைத் தின்று நாளைக் கடத்தியதையும், அந்நாளில் இருப்பைப் பிரித்துக் கொடுத்த கடைக்காரர் யார், பூட்டி வைத்தவர் யார் என்று அவர்கள் கடைசிவரை பெயர் சொல்லிக் கொண்டிருந்ததையும் நம்மில் பலர் காதால் கேட்டிருக்கிறோம். பஞ்சம் வந்த பிறகு மனிதன் புதிய குணத்தைக் கற்றுக்கொள்வதில்லை. பஞ்சமில்லாத நாளில் பழகியதைத்தான் செய்கிறான்.

ஆகவே ஒவ்வொரு மாதமும் ஐந்தொகை பார்க்கும் இரவில், லாப நட்டத்தோடு இன்னொன்றையும் பார்த்துக்கொள்வோம். இம்மாதம் என் கையில் ஏதேனும் ஒரு வாசல் இருந்ததா? கடன் கேட்டு வந்தவன், தட்டுப்பாட்டில் சரக்குத் தேடி வந்தவன், சம்பளத்துக்குக் காத்து நின்ற வேலையாள் ஆகியோருக்கு நான் திறந்தேனா, அடைத்தேனா? அடைத்ததற்கு நான் சொல்லும் காரணம் கமரானின் காரணமா, மாவாலையின் காரணமா? இக்கேள்விக்கு இங்கேயே விடை எழுதி வைப்பவனுக்கு, நாளைக் கேள்வி கேட்கப்படும்போது தயக்கம் குறையும். திஹாமா மக்களின் வாசல் திறந்தே இருக்கவும், நம் வாசல்களை நாம் அமானிதமாகக் காக்கவும் வல்ல இறைவன் அருள்வானாக! ஆமீன்.